கோழி இறக்கையும் எலுமிச்சைச் சாறும்: கடம்பத்தூரை முன்வைத்து ஒரு கள ஆய்வு

1. ஆய்வின் தேவை

கோழியைப் பற்றித் தமிழன் பேசாதது குறைவு. குருடான கோழி, குஞ்சை மிதித்த கோழி, குப்பையைக் கிளறிய கோழி என்று பழமொழிக்குப் பழமொழி அது வந்து நிற்கிறது. ஆனால் அதன் இறக்கையை எலுமிச்சைச் சாற்றில் எத்தனை நிமிடம் ஊறவைப்பது என்பது பற்றி மட்டும் முன்னோர் வாய் திறக்கவில்லை. அந்த மௌனத்தின் விளைவாக ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் ஒரு கிலோ கறி பாழானது. மனைவி பேசவில்லை. அம்மா பேசினார். இரண்டையும் தாங்க முடியாமல் எழுந்ததே இவ்வாய்வு.

களம் கடம்பத்தூர். சென்ட்ரலிலிருந்து அரக்கோணம் செல்லும் தடத்தில், திருவள்ளூரைத் தாண்டி வரும் நிலையம். 1856இல் ராயபுரத்துக்கும் வாலாஜா ரோட்டுக்கும் இடையே ஓடத் தொடங்கிய தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் இவ்வழியாகத்தான் சென்றது. ஊரில் மூவகை மக்கள் உளர்: ஷிப்ட்டுக்குப் போவோர், ஷிப்ட் முடித்து வருவோர், இவ்விருவரும் சத்தம் போடாமல் இருந்தால் தூங்குவோர். ஒரு வீட்டில் எல்லோரும் ஒரே வேளையில் தட்டின் முன் உட்காருவது கம்பெனி பஸ்ஸும் லோக்கல் ரயிலும் கூடிப் பேசி அருளினால்தான் நடக்கும். ஊறல் நேரம் என்னும் சிக்கல் இங்கே பிறக்கிறது.

2. சொல்லாராய்ச்சி

சிறகுள்ள இனங்களின் ஆணுக்கெல்லாம் ‘சேவல்’ என்னும் பெயர் செல்லும், மயிலுக்கு மட்டும் செல்லாது என்பது தொல்காப்பிய மரபியல் தரும் விதி. பெண்ணை ‘அளகு’ என்பதற்குக் கோழிக்கும் கூகைக்கும் உரிமை உண்டு, அவ்வுரிமை மயிலுக்கும் உண்டு என்றும் அதே இயல் வரையறுக்கிறது. இவ்விதியைக் கறிக்கடையில் சோதிக்க எண்ணி, “அளகு இறக்கை ஒரு கிலோ” என்றேன்.

“அழகா இல்லாம பின்ன? எல்லாம் காலைல வந்த சரக்குண்ணா” என்றார் கடைக்காரர்.

ழகர ளகர வேறுபாடு பாலாற்றுக்கு வடக்கே படும் பாடு தனி ஆய்வுக்குரியது.

இறக்கை மட்டும் போதும் என்றதும் அவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். “ஒரு கிலோ இறக்கைன்னா அஞ்சாறு கோழி அறுக்கணும்ணா. மத்தியானம் வா. லெக் பீசும் போன்லெஸ்ஸும் கேட்டு வாங்கிட்டுப் போவாங்க, இறக்கை தங்கும்.” சந்தைப் பொருளியலை இதைவிடச் சுருக்கமாகச் சொல்லி நான் கேட்டதில்லை. மாப்பிள்ளைக்கும் விருந்தாளிக்கும் கால் போனபின் எஞ்சுவது இறக்கை. அதே இறக்கை ‘விங்ஸ்’ என்று பெயர் மாற்றிக்கொண்டு உணவகத்துக்குள் நுழைந்தால் காலைவிட விலை கேட்கிறது.

மத்தியானம் போனேன். “தோலோடவா, உரிச்சா?” என்றார். தோலோடு. மொறுமொறுப்பு என்பது முழுவதும் தோலின் சொத்து. உரித்த இறக்கை எலும்புக்கு எண்ணெய்க் குளியல் மட்டுமே. எடையில் பதினொரு துண்டு நின்றது. கோழிக்கு இறக்கை இரண்டு என்னும் அடிப்படைக் கோட்பாட்டோடு இந்த ஒற்றை எண் முரண்படுவதைச் சுட்டிக்காட்டினேன். “இன்னொண்ணு யாரோ வீட்டுக் கொழம்புல கொதிக்குதுண்ணா” என்று முரண் தீர்க்கப்பட்டது. பதினோராவது இறக்கையை வாசகர் நினைவில் கொள்க.

3. முன்னாய்வுகள்

அமெரிக்காவின் பஃபலோ நகரில் ஆங்கர் பார் என்னும் உணவகத்தில் 1964இல் தெரசா பெல்லிசிமோ என்னும் அம்மையார் இறக்கைகளைப் பொரித்துக் காரச் சாற்றில் புரட்டிப் பரிமாறினார் என்பது பரவலாகச் சொல்லப்படும் வரலாறு. அதுவரை அவை பெரும்பாலும் சூப்புச் சட்டிக்கே போயின. மறு ஆண்டு, 1965இல், சென்னையில் சிக்கன் 65 பிறந்தது என்பது புஹாரி ஓட்டலின் கூற்று. 65 என்பது ஆண்டு என்பாரும், மெனு கார்டின் வரிசை எண் என்பாரும், மிளகாய்க் கணக்கு என்பாரும், கோழியின் வயது என்பாரும் உளர். இன்றைய பிராய்லர் ஆறு வாரத்திலேயே கடைக்கு வந்துவிடுவதால் கடைசிக் கட்சியினர் சற்றே தளர்ந்துள்ளனர். பஃபலோவுக்கும் புஹாரிக்கும் முடிச்சுப் போட ஆசைதான். சான்று இல்லாததால் ஆசையோடு நிறுத்தப்படுகிறது.

4. எலுமிச்சையின் உத்தியோகங்கள்

இவ்வட்டாரத்தில் எலுமிச்சைக்கு ஏற்கெனவே கை நிறைய வேலை. புது லாரியின் சக்கரத்தடியில் நசுங்க வேண்டும். ஆயுத பூஜைக்குத் தொழிற்சாலை இயந்திரங்களின் கீழ் குங்குமம் பூசி நிற்க வேண்டும். வெள்ளிக்கிழமை ராகு காலத்தில் துர்க்கை முன்னே தோல் திரும்பி விளக்காக வேண்டும். கோழிக்குப் பிழிந்த மூடியை விளக்குக்குத் தரலாமே என்று சிக்கன யோசனை ஒன்றை முன்வைத்தேன். அம்மா பார்த்த பார்வையில் அந்தப் பகுதி ஆய்விலிருந்து நீக்கப்பட்டது.

வெளிநாட்டுச் சமையல் குறிப்புகள் சொல்வது பெரிய மஞ்சள் பழத்தை. நம்முடையது மெல்லிய தோல் கொண்ட சின்னப் பழம், புளிப்பும் சற்றுத் தூக்கல். இரண்டையும் தமிழில் எலுமிச்சை என்றே அழைத்து, அவர்கள் சொன்ன நேரத்தை நாம் கடைப்பிடிக்கிறோம். குழப்பத்தின் வேர் இதுவே.

கடாரங்காயும் நம் பரிசீலனைக்கு வந்தது. கடம்பத்தூரிலிருந்து மேற்கே மூன்றாவது நிலையம் திருவாலங்காடு. ராஜேந்திர சோழனின் கடார வெற்றியைப் பேசும் 31 ஏடுகள் கொண்ட செப்பேடு 1905இல் கிடைத்தது அங்கேதான். ஆகவே கடாரங்காயில் ஊறிய இறக்கைக்குச் சோழர் ஆதரவு உண்டு என்று நிறுவ முயன்றேன். பள்ளியில் ஒன்பதாவது படிக்கும் மகள், “செப்பேட்டுல ஊறுகாய் பத்தி இருக்காப்பா?” என்று கேட்டுவிட்டாள்.

5. முதற் சோதனையும் அதன் வீழ்ச்சியும்

மைத்துனன் தாம்பரத்திலிருந்து வருவதாக ஏற்பாடு. காலை பத்தரைக்கு அவனிடமிருந்து செய்தி: ‘ஏறிட்டேன்’. சென்ட்ரலில் ரயில் ஏறிவிட்டான் என்று கொண்டேன். அங்கிருந்து கடம்பத்தூர் சுமார் 50 கிலோமீட்டர். எப்படியும் ஒன்றரை மணி நேரத்தில் வந்துவிடுவான் என்று கணக்கிட்டு மூன்று பழத்தைப் பிழிந்து ஊற்றினேன். அவன் வந்தபோது மணி மூன்று.

“ஏறிட்டேன்னுதான மாமா சொன்னேன்? எதுலன்னு நீங்க கேக்கவே இல்லியே.”

ஏழாம் வேற்றுமை தொக்கு நின்றதை நான் கவனிக்கவில்லை. அவன் அப்போது ஏறியது வீட்டு வாசலில் நண்பனின் பைக்கில். வழியில் ஒரு டீக்கடை, அதில் ஒரு பழைய சிநேகிதன், பிறகுதான் ரயில்.

நாலரை மணி நேரத்தில் நடந்ததாவது: எலுமிச்சைச் சாற்றின் சிட்ரிக் அமிலம் இறைச்சியின் புரதச் சுருளை அவிழ்த்துவிடும். அரை மணியில் அது மென்மை. மணிக்கணக்கில் மேற்பரப்பு வெளுத்து, வெந்தது போல் தோன்றும். பெருவில் மீனை இப்படித்தான் எலுமிச்சையிலேயே ‘வேகவைத்து’ செவிச்சே என்று உண்கிறார்கள். கோழியில் அந்த விளையாட்டு ஆகாது. புளிப்பு கிருமியை முழுக்கக் கொல்லாது, உள்ளே 74 டிகிரி செல்சியஸ் சூடு ஏற வேண்டும். என் இறக்கைகள் வெளியே சுண்ணாம்பு, உள்ளே பச்சை. எண்ணெயில் போட்டால் சிவக்கவும் மறுத்தன. 1912இல் பிரெஞ்சு வேதியியலர் மய்யார் விவரித்த, பொரியலுக்கு நிறமும் மணமும் தரும் வினை, புளிப்பு மிகுந்த இடத்தில் சுணங்கும். தின்றவர்கள் மரத்தூள் என்றார்கள். மைத்துனன் மட்டும், “கொஞ்சம் புளிப்பு தூக்கல் மாமா” என்றான்.

6. இரண்டாம் சோதனை

இம்முறை வேலைகள் பிரிக்கப்பட்டன. உப்பு மெல்ல உள்ளே இறங்கும் இயல்புடையது, அவசரப்படாது. எனவே சனிக்கிழமை இரவே ஒரு கிலோவுக்கு இரண்டு தேக்கரண்டி உப்பு, மஞ்சள், மிளகாய்த்தூள், பூண்டு விழுது சேர்த்துப் பிசறி குளிர்பெட்டியில் வைத்தேன். இஞ்சியை இரவில் சேர்க்கவில்லை. அதிலும் புரதத்தை அறுக்கும் நொதி ஒன்று இருக்கிறது, இரவு முழுக்க அதை நம்பி விட முடியாது. அலுமினியச் சட்டி புளிப்போடு சேர்ந்தால் கறிக்கு உலோகச் சுவை ஏறும் என்பதால் எவர்சில்வர் கிண்ணம்.

எலுமிச்சை எப்போது? ‘ஏறிட்டேன்’ என்பது சான்றாகாது என்று முடிவாகியிருந்தது. ‘இறங்கிட்டேன்’ என்று செய்தி வந்தபின்பே பழம் நறுக்கப்பட்டது. வெள்ளைத் தோல் கசப்பை விடும் என்பதால் கடைசிச் சொட்டுவரை பிழியவில்லை. இஞ்சியும் அப்போதே சேர்ந்தது. நிலையத்திலிருந்து நடை, வழியில் மிக்சர் பொட்டலம், வாசலில் செருப்பு கழற்றல், அம்மாவின் குசல விசாரிப்பு எல்லாம் சேர்ந்து நாற்பது நிமிடம். இறக்கைகளின் ஈரத்தைத் துணியில் ஒற்றி எடுத்து, கறிவேப்பிலை போட்டால் சடசடக்கும் சூட்டில் இரும்பு வாணலியில் இறக்கினேன். தோல் செம்பொன்னிறமானது. எலும்பைப் பற்றியிருந்த கறி, சொன்னபடி கேட்டது.

7. மறுப்புரை

எதிர்வீட்டு அத்தையின் கருத்து: “எலுமிச்சை எதுக்குப்பா? தயிர்ல போடு, மச்சான் எப்ப வந்தாலும் அப்படியே கெடக்கும்.” இது வலுவான வாதம். தயிரின் புளிப்பு சாந்தமானது, மணிக்கணக்கில் பொறுக்கும். நேரம் தவறுவோர் உள்ள வீடுகளுக்குத் தயிர், சொன்ன நேரத்துக்கு வருவோர் உள்ள வீடுகளுக்கு எலுமிச்சை எனக் கொள்ளலாம். அப்படிக் கொண்டால் கடம்பத்தூரில் எலுமிச்சை விற்பனை படுத்துவிடும் என்பதையும் பதிவு செய்கிறேன்.

8. முடிபு

உப்பு காத்திருக்கும். எலுமிச்சை காத்திருக்காது. ஆதலின் ஊறல் நேரத்தைக் கடிகாரத்தில் தொடங்காமல், விருந்தாளி நடைமேடையில் கால் வைத்த கணத்திலிருந்து தொடங்குக.

பதினொரு இறக்கை, ஐந்து பேர். ஆளுக்கு இரண்டு வைத்தபின் ஒன்று மிஞ்ச வேண்டும். தட்டில் மிஞ்சவில்லை. மைத்துனன் மகளைப் பார்த்தான், மகள் மைத்துனனைப் பார்த்தாள், அம்மா இருவரையும் பார்த்தார். உள்ளே வெந்ததா என்று அறிய ஒரு மாதிரியைச் சோதனைக்கு உட்படுத்துவது எந்த ஆய்வுக்கும் இன்றியமையாதது என்பதை மட்டும் இங்கே கூறி அமைகிறேன்.