ஆள்காட்டி விரல் 14 சதவீதம்

காசிமேட்டில் வஞ்சிரத்தின் விலை காலையில் ஒன்று, மதியம் ஒன்று. திருவொற்றியூர்ப் பட்டறைகளில் அந்தக் குழப்பமே இல்லை. கட்டை விரல் 30 சதவீதம், ஆள்காட்டி விரல் 14, நடுவிரல் 12, மோதிர விரலும் சுண்டு விரலும் தலா 7. எலும்பு தப்பித்து ஆள்காட்டி விரலின் நுனி மட்டும் போனால் 5. 1923-ஆம் ஆண்டுத் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் அட்டவணை சொன்ன ரேட் இது. பேரம் கிடையாது.

25 வயதுப் பையன், மாதச் சம்பளம் 15,000 ரூபாய், ஆள்காட்டி விரல் முழுசாகப் போய்விட்டது என்று வையுங்கள். இழப்பீடு 2,73,307 ரூபாய். சம்பளம் 25,000 என்றாலும் 2020 அறிவிப்பின்படி 15,000 என்றுதான் எண்ண வேண்டும். மிச்சப் பத்தாயிரத்தை அவன் வேறு ஏதோ விரலால் சம்பாதித்திருப்பான் போல.

இதைவிட நுட்பமான கணக்கும் உண்டு. முழு ஊனம் என்றால் சம்பளத்தில் 60 சதவீதத்தை வயதுக்குரிய எண்ணால் பெருக்குவார்கள். செத்துப்போனால் 50 சதவீதம்தான். ஆகவே கம்பெனிமேல் விசுவாசமுள்ள தொழிலாளி, இரண்டு கையும் போன பிறகு உயிரோடிருந்து முதலாளிக்குச் செலவு வைக்கக் கூடாது. 2025 நவம்பரில் பழைய சட்டங்களையெல்லாம் சுருட்டிப் புதிய தொகுப்பில் போட்டார்கள். செத்தால் 50, பிழைத்தால் 60 என்பது மட்டும் அலுங்காமல் இடம் மாறி உட்கார்ந்துகொண்டது.

சரி, முதலாளியின் அலட்சியத்தால்தானே விரல் போனது, கோர்ட்டுக்குப் போனால் என்ன? 1923 சட்டப்படி இழப்பீட்டு ஆணையரிடம் மனுப் போட்டால் சிவில் கோர்ட் கதவு மூடிக்கொண்டது. கோர்ட்டுக்குப் போனால் ஆணையர் கதவு. கட்டுப் பிரிக்காத கையோடு ஏதாவது ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டியிருந்தது. இஎஸ்ஐ அட்டை உள்ளவருக்கு அந்தத் தலைவலியும் இல்லை. 1948 இஎஸ்ஐ சட்டத்தின் 53-வது பிரிவு இரண்டு கதவையும் அடைத்தது. கேரளத்து வெஸ்டர்ன் இந்தியா பிளைவுட் வழக்கில் 1997-இல் உச்ச நீதிமன்றம் அதற்குப் பூட்டும் போட்டது: முதலாளிமேல் நஷ்டஈட்டு வழக்கு செல்லாது.

இந்தப் பாதுகாப்புக்கு முதலாளி கட்டுவது சம்பளத்தில் 3.25 சதவீதம். தொழிலாளி 0.75. தன்னால் வழக்குப் போட முடியாத ஏற்பாட்டுக்கு அவரும் மாதாமாதம் சந்தா கட்டுகிறார்!

பவர் பிரஸ்ஸில் இரண்டு பட்டன் இருக்கும். இரண்டு கையாலும் அழுத்தினால்தான் பிரஸ் இறங்கும். கை உள்ளே மாட்டாது. ஆனால் டார்கெட் முடிய வேண்டுமே. ஒரு பட்டனில் தீக்குச்சியைச் செருகி நிரந்தரமாக அழுத்தி வைத்துவிட்டால் ஒரு கை சும்மா கிடைக்கும், தகட்டைத் தள்ள. சூப்பர்வைசர் கண்ணில் அந்தத் தீக்குச்சி படவே படாது. விரல் போன அன்று மட்டும் பளிச்சென்று தெரியும்: "அவனே செருகியிருக்கான் சார். குடிச்சிருந்தான்னு நினைக்கிறேன்." சட்டம் படித்தவர் பேச்சு. தொழிலாளி வேண்டுமென்றே தடுப்பை எடுத்திருந்தாலோ குடித்திருந்தாலோ, உயிர் போகாதவரை, முழு ஊனம் ஆகாதவரை, இழப்பீடு தர வேண்டாம் என்று சட்டத்திலேயே இருக்கிறது. தொழிலாளியின் தப்புக்குக் காசை வெட்டத் தெரிந்த சட்டத்துக்கு, முதலாளியின் தப்புக்குக் காசைக் கூட்டத் தெரியவில்லை. இஎஸ்ஐ சட்டத்தில் 66 என்று ஒரு பிரிவு இருந்தது: பாதுகாப்பு விதியை மதிக்காமல் காயம் நேர்ந்தால், கொடுத்த தொகையை இஎஸ்ஐ கழகம் முதலாளியிடம் வசூலிக்கலாம். 1966 திருத்தத்தில் அதையும் பிடுங்கிப் போட்டார்கள்.

2025 செப்டம்பர் 30 அன்று எண்ணூர் அனல்மின் நிலையக் கட்டுமானத்தில் சாரம் சரிந்து, அசாமிலிருந்து வந்த 9 தொழிலாளர்கள் செத்தார்கள். குடும்பத்துக்குத் தலா மாநில அரசு 10 லட்சம், பிரதமர் நிவாரண நிதி 2 லட்சம். சாரம் ஏன் சரிந்தது என்ற கேள்வியை முந்திக்கொண்டு தொகை வந்துவிட்டது. அதுவும் நம் வரிப்பணம், மக்கள் தந்த நன்கொடை.

கேட் மீட்டிங் போடும் சங்கத் தோழர்களே, அடுத்த கோரிக்கை நோட்டீஸில் போனஸுக்கு மேலே இதை அச்சடியுங்கள்: இழப்பீட்டை வாங்கிய கையாலேயே, அலட்சியம் செய்த முதலாளிமேல் வழக்குப் போடும் உரிமை வேண்டும்.