கட்டில் மேல் ஏறிய தேசிங்கு

எறங்குடா பேராண்டி, எறங்கு. கயித்துக் கட்டிலு உங்க கொள்ளுத்தாத்தா காலத்துது, நீ குதிக்கிற குதிக்குத் தாங்காது. நம்ம செஞ்சிக்கோட்டை தேசிங்கு 1714ல ஆற்காட்டு நவாபு படையை எதிர்த்துக் குதிரை ஏறினப்ப வயசு 22தான்னு சொல்லுவாங்க. உனக்கு 26. நீ ஏறினது கட்டிலு. எதிர்த்து வந்த படை, ஒரே ஒரு எட்டுக்கால் பூச்சி.

சாயங்காலம் திண்ணையில உக்காந்து போன்ல இன்னா காட்டினே? அமெரிக்காவுல அரிசோனா பாலைவனம், ரோட்டைக் குறுக்கால தாண்டிப் போற மயிர்ச் சிலந்தி. "தாத்தா, இதுக்குப் பேரு டாரன்டுலா. கண்ணாடிப் பெட்டியில வச்சு வளக்கலாம், வெல ஆயிரக்கணக்குல"ன்னு சொன்னே. ராத்திரி ஒண்ணு ஓசியிலேயே வூடு தேடி வந்துச்சு, வெளக்கமாறு எங்கன்னு கேக்குறே. காசு கொடுத்து வாங்கினா செல்லப்பிராணி, தானா வந்தா உயிர்க்கொல்லி. வல்லத்துல பொறந்த புத்தி மெட்ராஸ் போயி நல்லாத்தான் வளந்திருக்கு.

இந்தக் கெழவனுக்கு எப்படித் தெரியும்னு முழிக்காதே. பாக்கம் மலைக்குப் பூச்சி தேடி வந்த காலேஜ் பசங்களுக்கு ரெண்டு மழைக்காலம் டார்ச்சு தூக்கிப் போனவன் நானு. அவங்க கதை சொன்னாங்க, நான் மல்லாட்டை அவிச்சுக் கொடுத்தேன். கணக்கு நேர்.

முதல்ல உன் பாலைவனத்துக்காரியைப் பத்திக் கேளு. அவ ஊர் சுத்துறவ இல்ல. மண்ணுல ஒரு வளை, வாசல்ல நூலால ஒரு ஓரக்கட்டு, அதைச் சுத்தி நாலஞ்சு இழை. பகல் பூரா உள்ள. பொழுது சாஞ்சா வாசல்ல வந்து உக்காந்துக்குவா. வண்டோ வெட்டுக்கிளியோ இழையை மிதிச்சா அதிர்வு காலுக்கு வந்துடும், ஒரே பாய்ச்சல். கண்ணு எட்டு இருக்குது, பார்வை மட்டும் மங்கல். எட்டுக்கண்ணும் விட்டெரிய வாழ்ந்தான்னு சொல்றோமே, இவ எட்டுக்கண்ணை வச்சுக்கினு காலாலதான் உலகத்தைப் பாக்குறா. நீ நாலு கண்ணோட பக்கத்துல இருந்த தண்ணிச் சொம்பைத் தட்டி வுட்டே, அவளைப் போயி குத்தம் சொல்லாதே.

குளுரு காலம் வந்தா வாசலை அடைச்சுட்டு உள்ளாற பட்டினி. மாசக்கணக்குல சோறு தண்ணி இல்லாம கெடப்பா. நம்ம திருநாதர் குன்றுல சந்திரநந்தின்னு ஒரு சமண முனிவர் 57 நாள் உண்ணாம இருந்து உயிர் விட்டாருன்னு கல்லுல வெட்டி வச்சிருக்குதே, அங்கதானே நீ போன பொங்கலுக்கு செல்ஃபி எடுத்தே? அந்தப் பாறையில சாய்ஞ்சுக்கினு, பிரியாணிக்கு லேட்டாவுதுன்னு மூஞ்சி தூக்கினவனாச்சே நீ.

இப்படியே ஒரே வளையில 20 வருஷத்துக்கு மேல பொம்பளை இருப்பா. மொகலாயத் தளபதி சுல்பிகர் கான் நம்ம கோட்டையை 1690லேர்ந்து 1698 வரைக்கும் வளைச்சுப் போட்டான், கடைசியில உள்ள இருந்த மராட்டிய ராஜா ராஜாராமே தப்பிச்சு ஓடிட்டாரு. இவ ஓட மாட்டா. ஆஸ்திரேலியாவுல பார்பரா யார்க் மெய்ன்னு ஒரு அம்மா 1974ல வளைச் சிலந்திகளுக்கு நம்பர் போட்டுக் கவனிக்க ஆரம்பிச்சாங்க. டாரன்டுலாவுக்கு ஒண்ணுவிட்ட ஒறமொற, வாசலுக்குக் கதவு போட்டுக்குற ஜாதி. அதுல 16ஆம் நம்பரு 43 வருஷம் ஒரே வளையில குடித்தனம் பண்ணிச்சு. வாடகை ஏத்துறான்னு வருஷத்துக்கு ஒரு வூடு மாத்துற பையா, கேட்டுக்க. 2016ல போயிப் பாத்தா கதவுல ஓட்டை. குளவி பூந்திருந்துச்சு.

குளவின்னதும் ஞாபகம் வருது. சிலந்திக்கு எமன் வெளக்கமாறு இல்லடா, குளவிதான். கொட்டும். சிலந்தி சாகாது, அசையவும் முடியாது. அதைத் தரதரன்னு இழுத்துக்கினு போயி குழியில போட்டு, மேல ஒரே ஒரு முட்டை. பொறிச்ச புழு சிலந்தியை உயிரோட தின்னும், அதுவும் முக்கியமான உறுப்பைக் கடைசிக்கு வச்சுக்கினு. கறி கெட்டுப்போவக் கூடாது பாரு. உன் ஃப்ரிட்ஜுக்கு மூணு வருஷம் வாரண்டி, இதுக்குக் கரண்டே வேணாம்.

அப்ப ரோட்டைத் தாண்டுதே, அது யாரு? அதாண்டா உன் ஜாதி. ஆம்பளை. ஏழெட்டு வருஷம், பத்து வருஷம் ஒழுங்கா வளையில இருப்பான். வயசுக்கு வந்ததும் கடைசியா ஒரு சட்டை உரிச்சுட்டு, வூட்டை வுட்டுப் பொண்ணு தேடிக் கெளம்புவான். அதோட திரும்பி வர்றதில்ல, சரியாச் சாப்பிடுறதும் இல்ல. வளை வாசல்ல நின்னு காலால தாளம் போடுவான், உள்ள இருக்குறவளுக்கு நான் இரை இல்ல, மாப்பிள்ளைன்னு தெரியணுமில்ல? அவ பல்லைப் புடிச்சு நிறுத்துறதுக்குன்னே முன்னங்கால்ல ரெண்டு கொக்கி. காரியம் முடிஞ்சதும் ஓட்டம். தப்பிச்சாலும் சில மாசந்தான் ஆயுசு. ஜாதகம், பத்துப் பொருத்தம், மேட்ரிமோனி ஆப்புன்னு மூணு வருஷமா நீ படுற பாட்டைப் பாத்தா, கொக்கி ஒண்ணுதான் உனக்குக் கொறச்சல்.

இது பாலைவனத்துக் கதை. நம்மூருது வேற. சுவத்துல பாரு, விரிச்ச கையளவு, சாம்பல்ல கோலம் போட்ட மாதிரி. இது மரப்பொந்துல, பட்டை இடுக்குல குடியிருக்குற ஜாதியாட்டம் தெரியுது. இந்தக் கூட்டத்துல ஒண்ணுக்கு 1899ல போகாக்னு ஒரு வெள்ளைக்காரரு அரக்கோணத்துல கெடைச்சதை வச்சுத்தான் பேரு போட்டாரு. அதே வருஷம் ஆந்திராவுல குத்தி ரயில்வே மரக்கிடங்குல ஒண்ணு கெடைச்சுது, மயில்கழுத்து நீலம். அப்புறம் 102 வருஷம் யாரு கண்ணுலயும் படல. 2001ல நந்தியாலுக்கும் கித்தலூருக்கும் நடுவுல காட்டுல மறுபடி பாத்தாங்க. நீலம்னா சாயம் இல்லியாம், மயிரோட கட்டமைப்புல வெளிச்சம் பட்டு வர்ற நெறமாம். ராமேஸ்வரத்துல அனுமார் கோயில் பேரையே வச்சு ஒண்ணு இருக்குது, 2004ல வச்சாங்க. மாங்குளத்துல, யாழ்ப்பாணம் போற வழி, காட்டுக்குள்ள கூடவே வந்து தேடிக் கொடுத்த போலீஸ் இன்ஸ்பெக்டரு ராஜகுமார் பேரை 2012ல ஒரு சிலந்திக்கு வச்சாங்க. நான் ரெண்டு சீசன் டார்ச்சு புடிச்சேன், ஒரு கொசுவுக்குக் கூட என் பேரை வைக்கல.

கடிச்சா? வலிக்கும்டா, பொய் சொல்ல மாட்டேன். அமெரிக்காக்காரி சண்டைன்னா பின்னங்காலால முதுகு மயிரைத் தேச்சு மூஞ்சியில எறிவா, அரிப்பெடுக்கும். நம்மூருக்கு அந்த வித்தை கெடையாது, அதனால ஓட்டமும் கடியும் சாஸ்தி. தசை புடிச்சு இழுக்கும், சில நாளைக்குப் படுத்தும். அதனாலதான் கிட்ட போவாதேங்கறேன். ஆனா இந்த ஜாதி கடிச்சு மனுஷன் செத்தான்னு உறுதியான கணக்கு ஒண்ணும் இல்ல. முன்னங்காலைத் தூக்கி அடிவயிறு தெரிய நின்னா, காலுக்கு அடியில மஞ்சள் தெரியும். கடிக்கப் போறேன்னு அர்த்தமில்ல, தொலைஞ்சு போன்னு அர்த்தம். உங்க ஆயா கரண்டி தூக்குறாளே, அதே கணக்கு.

பயம்தான் விஷத்தைவிட வேகமா பரவும். இத்தாலியில தரந்தோன்னு ஒரு ஊரு, அங்க வயல்ல சிலந்தி கடிச்சுதுன்னு சனங்க நாள்கணக்குல ஆடியே விஷம் எறக்குனாங்க. அந்த ஊரு பேருதான் இதுக்கு ஒட்டிக்கிச்சு. கூத்து இன்னான்னா, அது இந்த ஜாதியே இல்ல, வேற ஓட்டச் சிலந்தி. நீ இப்ப கட்டில்ல ஆடினியே, அது ஏறக்குறைய அந்த ஆட்டம்தான். கடிக்காமலேயே ஆடுன மொத ஆளு நீயாத்தான் இருக்கணும்.

இன்னொண்ணு. என்னைக்காவது இது மல்லாக்கக் கெடக்குறதைப் பாத்தா குப்பையில தள்ளிடாதே. சட்டை உரிக்குது. ஒடிஞ்ச காலுகூட உரிப்புக்கு உரிப்பு மொளைச்சு வரும். செத்ததா இருந்தா காலு எட்டும் உள்பக்கமா மடங்கிப் போயிடும். காலை நீட்டுறதுக்கு அதுக்குத் தசை பத்தாது, உள்ள ஓடுற ரத்தத்தை அழுத்தித்தான் நீட்டுது. மோட்டார் நின்னா பம்புசெட்டுக் குழாய் தொய்யுற மாதிரி.

அப்புறம் அந்தக் கண்ணாடிப் பெட்டி ஆசை. 2019ல உலக நாடுங்க ஜெனீவாவுல கூடி, இந்த மரச்சிலந்திக் கூட்டம் மொத்தத்தையும் காகிதமில்லாம நாடு தாண்டி விக்கக் கூடாதுன்னு பட்டியல்ல சேத்துட்டாங்க. நம்ம கோட்டையும்தான் 2025ல யுனெஸ்கோ பட்டியல்ல சேந்துச்சு. அதுக்காக ராஜகிரி மலையைப் பேத்து உன் பிளாட்டு பால்கனியில வப்பியா?

சரி, பேசினது போதும். குண்டானை எடு. அதைச் சுவத்தோட மெதுவாக் கவுத்து, அந்தக் கல்யாணப் பத்திரிகை அட்டையை அடியில செருகு. ஆடாம... ஆங், அப்படித்தான். பின்னாடி புளியமரத்தடிக்குக் கொண்டுபோயி சாச்சு வச்சுட்டு, நாலடி தள்ளி நின்னுக்க. அதுவா ஏறிப் போவும்.

டேய், அது எந்தக் குண்டான்? பால் காய்ச்சுறதா? அடப்பாவி. ஓசைப்படாம கழுவி வச்சுடு. ஆயா எழுந்துட்டா நான் தூங்குறேன், ஒண்ணும் தெரியாது எனக்கு.