என் ரத்தத்தின் நேரடி ஒளிபரப்பு

டாக்டரிடமும் வக்கீலிடமும் பொய் சொல்லக்கூடாது என்று பெரியவர்கள் சொல்லி வைத்திருக்கிறார்கள். வக்கீலிடம் எனக்கு இதுவரை வேலை வந்ததில்லை. டாக்டரிடம் பல வருஷமாகச் சொல்லிக்கொண்டுதான் இருந்தேன். ஒரு குறையும் வரவில்லை. ஸ்டுட்கார்ட்டுக்குத் தொலைமருத்துவம் என்ற ஒன்று வந்து சேரும்வரை நானும் என் சர்க்கரையும் ரத்தக்கொதிப்பும் நிம்மதியாக இருந்தோம்.

பழைய ஏற்பாடு எவ்வளவு அருமையானது என்று நீங்களே பாருங்கள். என்னைப் போன்ற நாள்பட்ட கேஸ்களுக்கென்று ஜெர்மனியில் 2002-இல் சட்டத்தில் வந்த ஒரு திட்டம் உண்டு. டிஎம்பி என்பார்கள். பெயரைக் கொடுத்துவிட்டால் மூன்று மாதத்துக்கு ஒருமுறை குடும்ப டாக்டரைப் போய்ப் பார்க்க வேண்டும். ரத்தம் எடுப்பார்கள், பிரஷர் பார்ப்பார்கள், பாதத்தைத் தொட்டுப் பார்ப்பார்கள். அந்தத் தேதி நெருங்கியதும் நான் துறவறம் பூணுவேன். வெள்ளரிக்காய், மோர், வேகவைத்த பீன்ஸ். வெறும் வயிற்றோடு போய்க் கையை நீட்டினால் காலைச் சர்க்கரை 112 என்று வரும். டாக்டர் முகம் மலரும். திரும்பி வரும் வழியில் ஸ்டாட்பான் ரயில் நிறுத்தத்துப் பேக்கரியில் நடுவே வெண்ணெய் தடவிய ஒரு பிரெட்செல். உழைத்தவனுக்குக் கூலி வேண்டாமா?

இதில் ஒரே ஒரு துரோகி உண்டு. எச்பிஏ1சி. ரத்தச் சிவப்பணு சுமார் 120 நாள் உயிரோடு இருக்குமாம். அத்தனை நாளும் தன்மேல் ஒட்டிய சர்க்கரையை அப்படியே வைத்திருந்து காட்டிக்கொடுத்துவிடும். கடைசி மூன்று நாள் நான் உத்தமனாக இருந்ததை அது கண்டுகொள்வதே இல்லை. காலைச் சர்க்கரை 112, எச்பிஏ1சி 8.1. டாக்டர் இரண்டையும் மாறி மாறிப் பார்ப்பார். "இந்தியர்களுக்கு இது பரம்பரை" என்று நான் தலையை ஆட்டுவேன். அவரும் ஆட்டுவார். பழியைப் பாட்டனார் தலையில் கட்டிவிட்டு இருவரும் கைகுலுக்கிப் பிரிவோம்.

பிறகுதான் இந்த வீடியோ வைத்தியம் வந்தது. அது இந்த நாட்டுக்கே புதுசு. முகம் பார்த்தே இராத நோயாளிக்குத் தூரத்திலிருந்து மட்டும் வைத்தியம் பார்ப்பதை ஜெர்மன் டாக்டர்களின் தொழில்விதி ரொம்பக் காலம் அனுமதிக்கவில்லை. முதலில் கதவைத் திறந்தது எங்கள் பாடன்-வூர்ட்டம்பெர்க் மாநில டாக்டர்கள் சபைதான், 2016-இல். 2018 ஏப்ரலில் மாநிலக் காப்பீட்டு டாக்டர்கள் சங்கம் 'டாக்டிரெக்ட்' என்ற பெயரில் ஸ்டுட்கார்ட்டிலும் டுட்லிங்கனிலும் வெள்ளோட்டம் விட்டது. காய்ச்சல், இருமல் என்றால் வீட்டிலிருந்தே டாக்டரைக் கூப்பிடலாம். அடுத்த மாதமே எர்ஃபுர்ட்டில் கூடிய டாக்டர்கள் மாநாடு நாட்டுக்கான மாதிரி விதியையும் தளர்த்தியது.

இதையெல்லாம் அம்மாவிடம் போனில் பெருமையாகச் சொன்னேன். எங்களுக்குச் சூனாம்பேட்டுப் பக்கம். "அதான் நம்ம ஊருக்கு அப்பவே வேன் வந்துச்சேடா" என்றாள் அம்மா, கொட்டாவியோடு. உண்மைதான். 2006-இலேயே சென்னை டாக்டர் மோகன் குழுவினர் இஸ்ரோவின் செயற்கைக்கோள் இணைப்போடு ஒரு வேனை அந்தப் பக்கத்துக் கிராமங்களுக்கு அனுப்பினார்கள். சர்க்கரைக்காரர்களின் கண்ணைப் படம்பிடித்து, அங்கிருந்தபடியே சென்னையில் இருக்கும் டாக்டருக்குக் காட்டினார்கள். காருக்குப் பேர்போன ஊரில் உட்கார்ந்திருக்கும் எனக்குக் கிடைப்பதற்கு எத்தனையோ வருஷம் முன்னால், ஆடு மேய்த்துவிட்டு வந்த எங்கள் ஊர்க் கிழவிக்கு அது கிடைத்துவிட்டது. இப்போது அதுவும் அங்கே பழசு. 2021-இலிருந்து மக்களைத் தேடி மருத்துவம் என்று வீட்டு வாசலுக்கே வந்து பிரஷர் பார்த்து மாத்திரை கொடுத்துவிட்டுப் போகிறார்கள்.

"உனக்கு அங்க யாரும் வீட்டுக்கு வரமாட்டாங்களா?"

"செல்லுல வருவார்மா."

"பாவம்டா நீ."

கொரோனா சமயத்தில் எங்கள் கிளினிக்கிலிருந்து வீடியோவுக்கு அழைப்பு வந்தது. மேலே இஸ்திரி போட்ட சட்டை, கீழே லுங்கி. இதில் விசேஷம் ஒன்றுமில்லை, உலகமே அன்று அப்படித்தான் இருந்தது. ஆனால் உலகத்தில் மற்றவர்கள் யாரும், குதிகாலில் வெடிப்பு என்று டாக்டரிடம் வாயை விட்டிருக்க மாட்டார்கள்.

"காட்டுங்கள்" என்றார்.

சர்க்கரைக்காரன் கால் என்றாலே டாக்டர்களுக்குப் பயம். நரம்பு மரத்துப்போனால் முள் குத்தியதுகூடத் தெரியாது. சின்னப் புண் ஆறாமல் விரலையே கொண்டுபோய்விடும். அவர் பயம் நியாயமானது. என் சங்கடம் வேறு. புத்தகத்தில் கால் பட்டாலே தொட்டுக் கண்ணில் ஒற்றி வளர்ந்தவன் நான். ஒரு படித்த மனுஷர் முகத்துக்கு நேரே எப்படிக் காலை நீட்டுவது? அவரோ "கிட்டே, இன்னும் கிட்டே" என்கிறார். டேப்லட்டைத் தரையில் வைத்தால் வெளிச்சம் இல்லை, மேஜையில் வைத்தால் கால் எட்டவில்லை. கடைசியில் மனைவி டேப்லட்டை ஏந்திக்கொண்டு நிற்க, நான் சோபாவில் மல்லாந்து காலைத் தூக்க, லுங்கி சொந்தமாகச் சில முடிவுகளை எடுக்க ஆரம்பித்தது. பார்த்து முடித்ததும் என் கை தானாகப் போய் டாக்டரின் பிம்பத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டது. தொட்ட இடத்தில் சிவப்புப் பொத்தான் இருந்திருக்கிறது. இணைப்பு போய்விட்டது.

மறுபடி வந்தவர் காலை மறந்துவிட்டு, "உங்களுக்குப் பின்னால் அலமாரியில் ஒரு பெரிய ஜாடி, மஞ்சளாக, அது என்ன?" என்றார். நான் இந்திய மூலிகை என்று ஆரம்பிப்பதற்குள், "மிக்சர், டாக்டர். தினமும் சாப்பிடுகிறார்" என்றது ஒரு குரல். இத்தனை வருஷ ஜெர்மனி வாசத்தில் என் மனைவி இலக்கணப் பிழை இல்லாமல் பேசிய முதல் ஜெர்மன் வாக்கியம் அதுதான்.

அடுத்த அடி பிரஷர் மெஷின். முன்பெல்லாம் நோட்டில் எழுதிக்கொண்டு போவேன். கிளினிக்குக்குப் போகும் அன்று காலை உட்கார்ந்து ஒரே மூச்சில், ஒரே பேனாவில், ஒரு மாதத்துக்கான பிரஷரை எழுதி முடிப்பேன். இடையில் ஒரு 138 போட்டு வைப்பது என் கைத்திறன், அப்போதுதான் நம்புவார்கள். புது மெஷின் அளந்ததைத் தானே புளூடூத்தில் செல்லுக்கு அனுப்பிவிடுகிறது, செல் கிளினிக்குக்கு அனுப்பிவிடுகிறது. அளப்பதற்கும் ஒரு சாஸ்திரம்: ஐந்து நிமிஷம் அமைதியாக உட்கார வேண்டும், முதுகு சாய்ந்திருக்க வேண்டும், பாதம் தரையில் படிய வேண்டும், பட்டை இதயத்தின் மட்டத்தில் இருக்க வேண்டும், பேசக்கூடாது. கிளினிக்கில் 140/90 வரைக்கும் விடுவார்கள். வீட்டில் அளந்தால் 135/85-லேயே கோடு. வெள்ளைக் கோட்டைப் பார்த்தால் சிலருக்கு ஏறிவிடும் என்பதற்காக இந்தத் தள்ளுபடி. எனக்கு வெள்ளைக் கோட்டால் ஒன்றும் ஆவதில்லை. நான் பேசக்கூடாது என்று தெரிந்துகொண்டு, சரியாக அந்த ஐந்து நிமிஷத்தில்தான், வருமான வரிப் பாரம் என்னாச்சு என்று இந்த வீட்டில் கேட்கிறார்கள்.

மாத்திரைக்குச் சீட்டு இப்போது கிடையாது. 2024 ஜனவரி 1 முதல் மின்சீட்டுதான் கட்டாயம். டாக்டர் அங்கே கையெழுத்துப் போட்டால், என் காப்பீட்டு அட்டையை இங்கே மருந்துக்கடையில் செருகியதும் தெரிந்துவிடும். அவர் கையெழுத்துப் போடுவதற்குள் நான் கடைக்குப் போய்விடுவது என் சுபாவம். "ஒன்றும் வரவில்லையே" என்பாள் கடைப்பெண். ஸ்டுட்கார்ட் ஒரு கிண்ணத்தில் இருக்கும் ஊர். மேட்டுக்கும் பள்ளத்துக்கும் நடுவே 400-க்கும் மேற்பட்ட படிக்கட்டுப் பாதைகள், ஷ்டெஃபெலெ என்று செல்லப் பெயர். வீட்டுக்கு ஏறி, போன் பண்ணி, மறுபடி இறங்கி. "டாக்டர், வீடியோ எதற்கு, நான் அலையாமல் இருக்கத்தானே?" என்று கேட்டேன். "அலையுங்கள், சர்க்கரைக்கு நல்லது" என்றார்.

இதையெல்லாம்கூடத் தாங்கியிருப்பேன். பெர்லினில் படிக்கும் மகள் பிறந்தநாள் பரிசு என்று ஒரு சென்சாரை வாங்கிக்கொண்டு வந்தாள். வெறும் மாத்திரைக்காரர்களுக்கு விரலில் குத்திப் பார்க்கும் ஸ்ட்ரிப்பையே 2011-இலிருந்து பொதுக் காப்பீடு வழக்கமாகத் தருவதில்லை. சென்சாருக்கு எங்கே போவது? "என் சம்பளம்ப்பா" என்றாள். கண் கலங்கிவிட்டது. அந்தக் கலக்கத்தில் அவள் செல்லில் காட்டிய இடத்திலெல்லாம் சரி, சரி என்று அமுக்கிவிட்டேன். மேல்கையில் ஒட்டிய அந்த வட்டம், தோலுக்கடியில் இருக்கும் நீரில் சர்க்கரையை அளந்து நிமிஷத்துக்கு நிமிஷம் என் செல்லுக்கு அனுப்புகிறது. அங்கிருந்து மகள் செல்லுக்கு. அங்கிருந்து, எப்படியோ, சென்னையில் என் தங்கை வரைக்கும்.

விநாயகர் சதுர்த்திக்குக் கோயிலில் சர்க்கரைப் பொங்கல் கொடுத்தார்கள். வேண்டாம் என்றால் சாமி குற்றம். தூணுக்குப் பின்னால் போய் நின்று, தொன்னையைக் காலி செய்து, முந்திரியை மட்டும் கடைசிக்கு வைத்திருந்தேன். செல் அடித்தது.

"அப்பா, என்ன சாப்பிட்டீங்க?"

"ஒண்ணுமில்லைம்மா, பிரசாதம், ஒரு விரல்…"

"அம்பு நேரா மேல போகுதுப்பா. 240."

விரல் கதையை அவள் நம்பவில்லை. முந்திரியைச் சாப்பிட்டேனா என்று கேட்காதீர்கள்.

இன்னொரு நாள் நடுராத்திரி அபாயச் சங்கு. சர்க்கரை 54 என்கிறது செல். விளக்கைப் போட்டு, என்னை உட்காரவைத்து, வாயில் ஆரஞ்சு ஜூஸை ஊற்றினாள் மனைவி. பெர்லினிலிருந்து மகள் அழுகையோடு போன். எனக்கோ நன்றாகத் தூங்கியதைத் தவிர வேறு அறிகுறி இல்லை. கடைசியில் விரலில் குத்திப் பார்த்தால் 190, ஜூஸ் உபயம். சென்சார் இருக்கும் கையை அடியில் போட்டுப் படுத்தால் அந்த இடம் அழுந்தி இப்படிப் பொய்யாகக் குறைத்துக் காட்டுமாம். கையேட்டில் இருக்கிறது. கையேட்டை யார் படிக்கிறார்கள்?

காலையில் கீழ்வீட்டு அம்மையார் படிக்கட்டில் காத்திருந்தார். இரவு பத்து முதல் ஆறு வரை அமைதி நேரம் என்று ஆரம்பித்து, போன வாரம் நாங்கள் படிக்கட்டைச் சரியாகப் பெருக்கவில்லை என்பது வரைக்கும் வந்தார். கேர்வோகெ என்னும் இந்தப் பெருக்கும் முறையின் கட்டாயத்தை ஸ்டுட்கார்ட் நகராட்சி 1988-இலேயே எடுத்துவிட்டது. தகவல் இன்னும் எங்கள் கட்டடத்துக்கு வந்து சேரவில்லை. சங்கு ஊதிய காரணத்தைச் சொன்னதும் அவர் குரல் தணிந்தது. ஸ்வெட்டர் கையை மேலே இழுத்துக் காட்டினார். அதே வட்டம். அவர் இன்சுலின்காரர், காப்பீடு கொடுத்தது. அதற்குப் பிறகு ஒருநாள் பேக்கரி வரிசையில் எனக்கு முன்னால் நின்றிருந்தார். பிரெட்செல் பொட்டலத்தை வாங்கித் திரும்பியவர் என்னைப் பார்க்கவில்லை. நானும் அவரைப் பார்க்கவில்லை.

எரிச்சல் என்னவென்றால், இத்தனை கேவலத்துக்கும் பலன் இருக்கிறது. எச்பிஏ1சி 7.0. "உங்கள் கட்டுப்பாடு பிரமாதம்" என்று டாக்டர் பாராட்டினார். பின்னாலிருந்து ஒரு செருமல் கேட்டது. ஆனாலும் நேரில் போக வேண்டியதும் தீரவில்லை. ரத்தத்தை வைஃபையில் அனுப்ப இன்னும் வழி கண்டுபிடிக்கவில்லை.

எனக்கு மிச்சம் இருப்பது ஒரே ஒரு சந்து. ஒரு சென்சாரின் ஆயுள் இரண்டு வாரம். புதிதாக ஒட்டியது வேலை தொடங்க ஒரு மணி நேரம் பிடிக்கும். அதுவரை பெர்லினுக்கும் தெரியாது, சென்னைக்கும் தெரியாது. முதல் தடவை அந்த ஒரு மணி நேரத்தை ஒரு துண்டு மைசூர்பாவோடு கொண்டாடினேன். சாப்பிட்ட சர்க்கரை ரத்தத்தில் உச்சிக்குப் போகவும் ஏறக்குறைய அதே ஒரு மணி நேரம்தான் ஆகுமாம். சென்சார் கண்ணைத் திறந்ததும் பார்த்த முதல் காட்சி 262.

ஆகவே ஸ்டுட்கார்ட் பக்கம் வருகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: இனிப்பு வேண்டாம், முறுக்கு கொண்டு வாருங்கள். அதிலும் சர்க்கரை ஏறும், இல்லையென்று சொல்லவில்லை. எண்ணெய்ப் பண்டம், கொஞ்சம் மெதுவாக ஏறும்.