ராத்திரி பத்து மணிக்கு நிரபராதி ஆவது எப்படி?

முதலில் கேமைக் காசு கொடுத்து வாங்குங்கள். இந்தக் குறிப்புகள் அப்படி வாங்கியவர்களுக்கு மட்டும்தான். போங்கு ஆடுகிறவர்களுக்கு இது தேவைப்படாது. அவர்கள் இந்நேரம் உள்ளே போய் இரண்டு ரவுண்டு முடித்திருப்பார்கள்.

நேரமும் முக்கியம். சனிக்கிழமை ராத்திரி பத்து மணி உத்தமம். பிள்ளைகள் தூங்கியிருக்க வேண்டும். டிஸ்கார்டில் மூன்று பேர் "எங்கடா இருக்கே?" என்று கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். இப்போது ஐகானை அழுத்துங்கள். கேம் வர வேண்டிய இடத்தில் தீப்பெட்டி அளவுக்கு ஒரு பெட்டி வரும். உங்கள் கணினியில் ஏதோ தகாதது இருக்கிறது என்று சொல்லும். என்ன என்று சொல்லாது. கீழே ஓர் எண் இருக்கும்.

நான் படித்த பள்ளியில் ஒரு தலைமையாசிரியர் இருந்தார். கூப்பிட்டு நிற்கவைத்து, "என்ன பண்ணினேன்னு நீயே சொல்லு" என்பார். செய்தது, செய்யாதது, செய்ய நினைத்தது எல்லாவற்றையும் நாங்களே ஒப்பித்துவிடுவோம். போங்கைத் தடுக்கிற ஆன்டி-சீட் மென்பொருள் காட்டும் இந்தப் பெட்டி அவரிடம் படித்த பிள்ளை. இதில் ஒரு நியாயமும் உண்டு. எதைப் பார்த்துச் சந்தேகப்பட்டோம் என்று விளக்கிவிட்டால், ஏமாற்று மென்பொருள் விற்கிறவன் அடுத்த வாரமே அதை மட்டும் மறைத்துக்கொண்டு வருவான். ஆகவே, திருடனுக்குத் தெரியக் கூடாதென்று வீட்டுக்காரனுக்கும் சொல்வதில்லை.

ரீஸ்டார்ட் செய்யுங்கள். ஷட் டவுன் கொடுத்துத் திறப்பது கணக்கில் வராது. விண்டோஸில் ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் என்று ஒன்று இருக்கிறது. அது விண்டோஸின் மையமான கர்னலைத் தூங்கவைத்து எழுப்புகிறதே தவிர, புதிதாகத் தொடங்குவதில்லை. ரீஸ்டார்ட்தான் தலைக்குக் குளித்த மாதிரி. அடுத்தது, ஸ்டீமில் கேமின் கோப்புகளைச் சரிபார்க்கும் பட்டன். எண்பது ஜிபியையும் அது ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்து முடிப்பதற்குள் ஒரு டீ போட்டுக் குடித்துவிடலாம். எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொல்லும். டீயும் நன்றாக இருந்திருக்கும்.

இனி அந்த எண்ணுக்கு வருவோம். பாதி நேரம் அது ஆன்டி-சீட் கண்டுபிடித்த எண்ணே இல்லை; விண்டோஸ் எப்போதும் சொல்கிற பழைய எண்ணை வாங்கி அப்படியே ஒப்பிக்கிறது. ஈஸி ஆன்டி-சீட் 30005 என்று மிரட்டி, கூடவே 32 என்று முணுமுணுத்தால், முணுமுணுப்பைக் கவனியுங்கள். விண்டோஸ் மொழியில் 32 என்றால் 'இந்தக் கோப்பை வேறு யாரோ பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்' என்று பொருள். யார் என்று தேடிப் போனால், பெரும்பாலும் அதே ஆன்டி-சீட் முன்பு ஓடியபோது விட்டுவிட்டுப் போன மிச்சம். தன் வாலைத் தானே மிதித்துக்கொண்டு கத்துகிற பூனை. 577 என்றால் டிரைவரின் டிஜிட்டல் கையெழுத்தைச் சரிபார்க்க முடியவில்லை. 1275 என்றால் டிரைவரை ஏற்றவிடாமல் தடுத்தாயிற்று. அதாவது, விண்டோஸின் காவல்காரர் கேமின் காவல்காரரை வாசலில் நிறுத்தி அடையாள அட்டை கேட்டுக்கொண்டிருக்கிறார். நீங்கள் இருவருக்கும் பின்னால் வரிசையில் நிற்கிறீர்கள்.

எண்ணிலும் தெளிவு கிடைக்கவில்லையென்றால் கீபோர்டைப் பாருங்கள். ஆடி மாதம் கூழ் ஊற்றுகிற பந்தலில் சீரியல் செட் போட்ட மாதிரி அது மின்னுகிறதா? குற்றவாளி அதுவாக இருக்கலாம். இதை நான் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. விளக்கின் நிறத்தை மாற்றுகிற, ஃபேன் வேகத்தைப் பார்க்கிற மென்பொருள்கள் வன்பொருளை நேரடியாகத் தொட வேண்டும். அதற்கென்று ஆழத்தில் ஒரு டிரைவரை இறக்குகின்றன. போங்கு மென்பொருளும் அதே வழியில்தான் உள்ளே போகிறது. இந்த மாதிரி பல நிரல்கள் வின்ரிங்-ஜீரோ என்கிற ஒரே ஓட்டை டிரைவரைப் பல ஆண்டுகளாகக் கைமாற்றாகப் பயன்படுத்தி வந்தன. 2025 மார்ச்சில் விண்டோஸ் டிஃபெண்டரே அதைப் பிடித்து அபாயம் என்று அறிவித்தது. ஆகவே விளக்கு மென்பொருளை நிறுத்திப் பாருங்கள். கீபோர்டு இருட்டாகிவிடும். ஒன்பதாயிரம் ரூபாய் கொடுத்து வாங்கியது அந்த வெளிச்சத்துக்காகத்தான் என்பது எனக்கும் தெரியும்.

ஒரு விளையாட்டுக்கு ஏன் இத்தனை ஆழம்? உங்கள் கேம், பிரவுசர் எல்லாம் ஓடுவது 'ரிங் 3' என்கிற திண்ணையில். கர்னல் இருப்பது 'ரிங் 0', வீட்டின் உள்ளறை. போங்கு ஆடுகிறவர்கள் உள்ளறைக்குப் போய்விட்டதால் காவலும் அங்கே போக வேண்டியதாயிற்று. 2020-இல் வாலரன்ட் கேமோடு வந்த வான்கார்டு என்கிற ஆன்டி-சீட் இன்னும் ஒரு படி மேலே போனது: கேமைத் திறக்கும்போது வரவில்லை, விண்டோஸ் எழும்போதே எழுந்துவிட்டது. முகூர்த்தம் மறுநாள் காலை ஆறு மணிக்கு என்றால், மண்டபத்து வாட்ச்மேன் முதல் நாளே நம் வீட்டுக்கு வந்து பூஜையறையில் பாய் விரித்துப் படுத்த மாதிரி. வந்த புதிதில் சிபியு வெப்பத்தைக் காட்டும் கோர் டெம்ப் போன்ற நிரல்களையும் தடுத்தது. அந்த டிரைவர்களில் ஓட்டை இருந்தது உண்மைதான். ஆனால் நெருப்பு பிடித்தால் சொல்ல வேண்டியவரை வாயைப் பொத்தி உட்காரவைத்தால் வீட்டுக்காரருக்குக் கலக்கமாக இருக்காதா?

இந்த வாட்ச்மேன்களின் சரித்திரமும் அவ்வளவு சுத்தமில்லை. 2013-இல் ஈஎஸ்ஈஏ என்கிற போட்டித் தளத்தின் ஆன்டி-சீட் மென்பொருளுக்குள் ஆடுகிறவர்களின் கிராஃபிக்ஸ் கார்டைக் கொண்டே பிட்காயின் தோண்டும் நிரல் ஒளிந்திருந்தது வெளியே வந்தது. 2016-இல் காப்காம் நிறுவனம் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 5-க்கு அனுப்பிய அப்டேட்டில் ஒரு டிரைவர் இருந்தது. போங்கைத் தடுக்க வந்த அது, கணினியில் உள்ள எந்த நிரலும் கர்னலுக்குள் புகுந்துகொள்ளக் கதவைத் திறந்துவைத்தது. அவசர அவசரமாகத் திரும்பப் பெற்றார்கள். 2022-இல் நடந்தது எல்லாவற்றையும்விட அழகு. கென்ஷின் இம்பாக்ட்டின் ஆன்டி-சீட் டிரைவரை ரான்சம்வேர் கும்பல் ஒன்று தன்னோடு எடுத்துக்கொண்டு போய், அதை வைத்தே ஆன்டிவைரஸைக் கொன்றது. பாதிக்கப்பட்ட கணினியில் அந்த கேம் இருக்க வேண்டிய அவசியமே இல்லை. டிரைவரின் கையெழுத்து செல்லுபடியானதாக இருந்தது, அது போதும். அனுமதி கேட்டுப் பெட்டி வந்து 'யெஸ்' அழுத்தும்போது இதெல்லாம் நினைவில் இருக்கட்டும். எப்படியும் அழுத்தத்தான் போகிறீர்கள். நானும்தான். சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கிறவனிடம் தொடர்ந்து ஏழு முறை செத்த ஒரு ராத்திரிக்குப் பிறகு, காவல்காரர் பூஜையறையில் படுத்தால் என்ன, சமையலறையில் படுத்தால் என்ன என்று ஆகிவிட்டது.

இதுவரை செய்ததெல்லாம் வெள்ளோட்டம். இனிமேல்தான் விண்டோஸுக்கு முன்பே எழுகிற பயாஸ். விண்டோஸ் 11-இல் வாலரன்ட் 'வேன் 9001' என்று சொன்னால், பள்ளிக்கூட வேன் நம்பரோ என்று குழம்ப வேண்டாம்: டிபிஎம் 2.0 என்கிற பாதுகாப்பு வசதி, கையெழுத்து சரியாக இருப்பதை மட்டும் எழவிடுகிற செக்யூர் பூட் இரண்டும் வேண்டும் என்கிறது. 2025-இல் வந்த பேட்டில்ஃபீல்டு 6-உம் செக்யூர் பூட் இல்லாமல் கதவைத் திறப்பதில்லை. டிபிஎம்மைத் தேடி பயாஸுக்குள் போனால் பெரும்பாலும் அந்தப் பெயரில் கிடைக்காது. இன்டெல் ஆட்கள் அதைப் பிடிடி என்பார்கள், ஏஎம்டி ஆட்கள் எஃப்டிபிஎம் என்பார்கள். ஊருக்கு ஊர் அத்தையும் சித்தியும் மாறுகிற மாதிரி.

உள்ளே போவதற்கு முன் இரண்டு காரியம். டிஸ்க்கைப் பூட்டிவைக்கிற பிட்லாக்கர் போட்டிருந்தால் அதன் ரெக்கவரி கீயைத் தாளில் எழுதி வையுங்கள். அந்தக் கணினியிலேயே சேமித்து வைக்கிற புத்திசாலித்தனம் வேண்டாம். அடுத்து, எம்எஸ்இன்ஃபோ32 என்று தட்டி 'பயாஸ் மோடு' என்ற வரியைப் பாருங்கள். 'யூஇஎஃப்ஐ' என்றிருந்தால் பிழைத்தீர்கள். 'லெகசி' என்றிருந்தால், உங்கள் டிஸ்க் பெரும்பாலும் பழைய எம்பிஆர் முறையில் இருக்கும். முதலில் தேவையானதை வேறு இடத்தில் நகலெடுத்துவிட்டு, விண்டோஸோடு வருகிற எம்பிஆர்2ஜிபிடி என்கிற கருவியால் அதை மாற்ற வேண்டும். அதன் பிறகே பயாஸில் சிஎஸ்எம் என்கிற, பழைய முறையில் கணினியை எழுப்பும் வசதியை அணைக்க வேண்டும். இந்த வரிசையை மாற்றக் கூடாது.

நான் மாற்றினேன். அவசரம், மூன்று பேர் காத்திருந்தார்கள். சிஎஸ்எம்மை அணைத்தேன், சேவ் கொடுத்தேன். கணினி எழுந்தது, மறுபடி பயாஸிலேயே வந்து நின்றது. திரும்பத் திரும்ப அதே நீலப் பக்கம். மகளின் அறிவியல் புராஜெக்ட் அதற்குள் இருந்தது. திங்கட்கிழமை கொடுக்க வேண்டியது. கதவருகே மனைவி வந்து நின்றது தெரியாது. "என்ன, இன்னும் ஆடவே ஆரம்பிக்கலையா?" என்றாள். "அப்டேட் ஆகுது" என்றேன். கல்யாணமாகிப் பதினாறு வருஷத்தில் நான் சொன்ன பொய்களில் இது நடுத்தரமானது. சிஎஸ்எம்மை மறுபடி போட்டதும் விண்டோஸ் ஒன்றும் நடக்காதது போல எழுந்து வந்தது. புராஜெக்ட்டைப் பென் டிரைவில் போட்டேன். பிறகு ஒழுங்காக, மேலே சொன்ன வரிசையில் எல்லாவற்றையும் செய்தேன்.

வாடிக்கையாளர் சேவைக்கு எழுதுவதும் ஒரு வழி. இரண்டு நாளில் பதில் வரும். ரீஸ்டார்ட் செய்து பார்த்தீர்களா என்று கேட்டிருப்பார்கள். விண்டோஸை அழித்து மறுபடி போடுவது கடைசி வழி; அதைப் பற்றி நான் எழுதப்போவதில்லை, உங்களுக்கும் வயதாகிறது.

எல்லாம் சரியாக நடந்தால் ஒன்றேகால் மணி வாக்கில் கேம் திறக்கும். காத்திருந்த மூவரும் தூங்கப் போயிருப்பார்கள். பரவாயில்லை, முகம் தெரியாதவர்களோடு ஓர் ஆட்டம் போடலாம். எனக்கு அன்று கை நடுங்கிக்கொண்டிருந்தது. பயத்தில் குறி பார்க்காமலே சுட்டேன். எதிரே கதவைத் திறந்துகொண்டு வந்தவன் தலையில் பட்டது. இரண்டு நொடியில் சாட்டில் அவன் எழுதினான்: ஹேக்கர்.

மூன்று மணி நேரம் பாடுபட்டு என் கணினியிடம் யோக்கியன் என்று பேர் வாங்கியவன் நான். கோபம் வந்திருக்க வேண்டும். ஸ்கிரீன்ஷாட் எடுத்து டிஸ்கார்டில் மூன்று பேருக்கும் அனுப்பிவிட்டு, பென் டிரைவில் இன்னொரு பிரதி வைத்துக்கொண்டேன்.