நான்கெல்லை

உங்கள் வீட்டிலும் அப்படியொரு தகரப்பெட்டி இருந்திருக்கும். எங்கள் வீட்டில் அது அப்பத்தாவின் கட்டிலுக்கடியில் இருந்தது. சாவி அவளுடைய சுருக்குப்பையில். வருஷத்துக்கு ஒருமுறை பத்திரங்களை எடுத்துத் திண்ணை நிழலில் ஆறப்போடுவார்கள். காற்றில் பறக்காமல் பார்த்துக்கொள்வது என் வேலை. பழந்துணி வாசனையடிக்கும் அந்த முத்திரைத்தாள்களில்தான், கண்மாய்க் கரைக்குத் தெற்கு, வண்டிப்பாதைக்கு மேற்கு, ஓடைக்குக் கிழக்கு என்று தொடங்கி நிதி, நிட்சேபம், ஜலம், தரு, பாஷாணம் என்று போகும் வரிகளை எழுத்துக்கூட்டிப் படித்தேன். பூமிக்கடியில் புதையல் கிடைத்தால் அதுவும் நமக்குத்தான் என்று தாத்தா பொருள் சொன்ன மறுநாளே, வரப்போரம் குச்சியை வைத்துத் தோண்டிப் பார்த்த அந்தப் பையன்மேல் எனக்கு இன்றும் பிரியம்தான்.

நிலம் யாருடையது என்பதை அப்போது ஊரே சொல்லும். மேலூர்ப் பக்கம், பெரியாற்றுக் கால்வாயில் தண்ணீர் வந்துவிட்டால் வரப்புக்கு வரப்பு பேச்சுக்குரல் கேட்கும் எங்கள் ஊரில், தாத்தா என்னை எல்லைக்கல்மேல் உட்காரவைத்து, “இதுலருந்து அந்தப் புளியமரம் வரைக்கும் நம்மளுதுய்யா, அதுக்கங்கிட்டு சின்னத்தாத்தாவோடது” என்பார். அடங்கல் எழுத வரும் கர்ணம் நீர்மோரைக் குடித்துக்கொண்டே, யார் யாரிடம் வாங்கினார், எந்தத் தங்கைக்கு எது சீராகப் போனது என்று மூன்று தலைமுறையை ஒப்பிப்பார். அவர் பேனா சாய்ந்த பக்கம் நிலமும் சாயும் என்ற முனகலும் உண்டு. அதனால்தான் 1980இல் எம்.ஜி.ஆர். அரசு பரம்பரைக் கர்ணம், மணியக்காரர் பதவிகளை ஒழித்தபோது, கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த நான் டீக்கடையில் அதற்காகத் தொண்டை வறள வாதாடினேன். அந்த வாதம் சரி என்றே இன்றும் நினைக்கிறேன்.

ஆனால், பழைய நிலப்பதிவேடுகளைப் புதுப்பிக்க 1979இல் தொடங்கி 1987வரை நடந்த யூ.டி.ஆர். வேலையும் அதே ஆண்டுகளில்தான் வந்தது. ஊர்க்கதை தெரிந்தவர்கள் வீட்டுக்குப் போன நேரத்தில் புதுப் பேரேடு எழுதப்பட்டது. தாத்தாவும் அவர் தம்பியும் பிரித்துக்கொண்ட புஞ்சை அதில் தம்பி பெயரில் மட்டும் ஏறியிருந்தது. கடலை விளைந்தவரை யாருக்கும் அது உறுத்தவில்லை. நான்குவழிச் சாலை வந்து, மனை போடுகிறவர்கள் கலர்க்கொடி நட்ட பிறகு, பொங்கலுக்குப் பொங்கல் கரும்பு மாற்றிக்கொண்ட பங்காளிகள் முகம் பார்த்துப் பேசுவதை நிறுத்தினோம்.

தாத்தாவோடு தாலுகா ஆபீசுக்குப் போவது ஒரு திருவிழா. வேப்பமரத்தடியில் மனு எழுதுகிறவர் நாம் சொல்லும் நாலு வார்த்தையை நாலு பக்கமாக்கித் தருவார். மத்தியானம் ஹோட்டலில் இலை போட்டுச் சாப்பாடு. இப்போது பட்டா, சிட்டா, அ-பதிவேடு எல்லாம் வீட்டுத் திண்ணையிலேயே கைபேசியில் திறக்கிறது. யார் கையையும் நனைக்காமல் ஓர் ஏழை தன் நிலத்தின் கணக்கைப் பார்க்க முடிவது பெரிய காரியம். அந்தச் சாப்பாடு போனதில் வருத்தமிருந்தாலும் இதை நான் மனதாரக் கும்பிடுகிறேன். என்ன, 1980களில் தப்பாக எழுதியது இப்போது அழகான எழுத்தில், விநாடியில் வந்து நிற்கிறது.

பட்டா வருவாய்த்துறைக் கணக்குதான், உரிமையைத் தீர்மானிப்பது சிவில் கோர்ட்டு என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. பதிவு செய்துவிட்டதாலும் உரிமை உறுதியாகிவிடாது. விற்பவருக்கு உரிமை உண்டா என்று தீர்ப்பது சார்பதிவாளரின் வேலை அல்ல என்று 2025இல் உச்ச நீதிமன்றம் கூறியது. பின் எதைக் காட்டுவது? அந்தப் புஞ்சைக்காக நடந்த வழக்கில் எங்களுக்குக் கைகொடுத்தது தகரப்பெட்டிதான். முப்பது வருஷத்துக்கு மேற்பட்ட ஆவணம், இருக்கவேண்டிய இடத்திலிருந்து வந்தால், அதிலுள்ள கையெழுத்து உண்மையானது என்று கோர்ட்டு அனுமானிக்கலாம் என்கிறது சாட்சியச் சட்டம். தாத்தாவும் தம்பியும் பாகம் பிரித்துக்கொண்ட கூர்ச்சீட்டு அதிலிருந்து வந்தது. கம்பியில் குத்தி வைத்த கிஸ்தி ரசீதுகள், பின்பக்கம் நான் போட்ட கூட்டல் கணக்கோடு, சான்றாவணமாக ஏறின. பக்கத்து வயல்காரப் பெரியவர் ஒருவர் கூண்டில் நின்று, வெட்டிப்போன புளியமரம் எங்கே இருந்தது, அதன் நிழல் சாயங்காலம் யார் வயலில் விழும் என்று சொன்னார். எதிர்த்தரப்பில் உட்கார்ந்திருந்த என் சித்தப்பாவும் தலையாட்டினார்.

இது புதுச் சண்டையுமில்லை. பக்கத்துச் சிவகங்கையில் 1829இல் ஜமீன்தார் கௌரிவல்லபத் தேவர் இறந்தபோது, ஜமீன் உடன்பிறந்தார் வழிக்கா, மகளுக்கா என்று எழுந்த வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில்வரை போனது. அது குடும்பச் சொத்தல்ல, அவரே அடைந்தது என்று 1863இல்தான் மகள் காத்தம நாச்சியார் பக்கம் தீர்ந்தது. நமக்கு 2004முதல் யானைமலை தெரியும் தூரத்திலேயே உயர் நீதிமன்றக் கிளை இருக்கிறது. கடல் தாண்ட வேண்டாம். காத்திருக்கும் வருஷங்கள்தான் குறையவில்லை.

அதனால் சொல்கிறேன். வீட்டுப் பெரியவர்களுக்கு நடை இருக்கும்போதே ஒரு காலையில் அவர்களோடு நான்கெல்லையையும் சுற்றிவாருங்கள். பக்கத்து வயல்காரரையும் கூப்பிட்டுக்கொள்ளுங்கள். சொல்வதை எழுதி வாங்குங்கள். பத்திரத்திலுள்ள பெயரும் பட்டாவிலுள்ள பெயரும் ஒன்றுதானா என்று பாருங்கள். யூ.டி.ஆர். காலத்துப் பிழை இருந்தால், பங்காளியையும் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு மாவட்ட வருவாய் அலுவலரிடம் மனுக் கொடுங்கள். பேச்சுவார்த்தை இருக்கும்போதே கொடுங்கள்.