தண்ணி கேஸா, கரண்ட் கேஸா?

நம் வீடுகளில் பழுதுகள் இரண்டே வகை: தண்ணி கேஸ், கரண்ட் கேஸ். முதலாவதற்கு பிளம்பர், இரண்டாவதற்கு எலெக்ட்ரீஷியன். ஒருவர் எல்லைக்குள் மற்றவர் கால் வைப்பதில்லை. இந்த ஒழுங்கைக் கெடுப்பதற்கென்றே டிஷ்வாஷரில் ஒரு பாகம் இருக்கிறது. தண்ணீர் உள்ளே வரும் வாசலைக் காக்கும் இன்லெட் வால்வு. பாதி உடம்பு தண்ணீருக்கு, பாதி மின்சாரத்துக்கு.

எங்கள் மெஷின் ஒருநாள் பாத்திரங்களை வயிறு நிறைய வாங்கிக்கொண்டு, குழாய்ப் படம் ஒன்றை மினுக்கிவிட்டு நின்றுவிட்டது.

பிளம்பர் வந்தார். குழாயைத் திறந்தார். "தண்ணி வருதே சார். இது கரண்ட் கேஸ்." எலெக்ட்ரீஷியன் வந்தார். பிளக் பாயின்ட்டில் டெஸ்டரைச் செருகினார். "கரண்ட் பக்காவா இருக்கு சார். இது தண்ணி கேஸ்." இருவரும் சொன்னது உண்மை. பாத்திரம் மட்டும் கழுவியபாடில்லை.

"என்னங்க, பழையபடி சிங்க்லயே போட்டுக் கழுவிடுங்களேன்" என்றாள் மனைவி. அந்த வாக்கியத்தின் எழுவாய் நான்தான் என்று உறைத்ததும் வால்வைப் பற்றிப் படிக்க உட்கார்ந்தேன்.

முதல் சிக்கல், அது எங்கே ஒளிந்திருக்கிறது என்பது. அமெரிக்க வீடியோக்களில் மெஷினின் முன்பக்க அடித்தகட்டைக் கழற்றுகிறார்கள்; வால்வு பல்லிளிக்கிறது. சமையல் மேடைக்கடியில் நிரந்தரமாகப் பதிக்கும் அந்த ஊர் மெஷின்களுக்கு அது சரி. எங்களுடையது ஐரோப்பிய வார்ப்பு. ஹோஸ் போய்க் குழாயில் சேரும் முனையில் தடியாக ஒரு பிளாஸ்டிக் பெட்டி இருக்கிறதே, அதற்குள்தான் வால்வு. மெஷினிலோ ஹோஸிலோ கசிந்தால், வீடு நனையாமல் குழாயடியிலேயே அடைத்துவிட இந்த ஏற்பாடு. "ஹோஸ் நீளமா மடங்கிக் கிடக்கு, ரெண்டு அடி வெட்டிடலாம் சார்" என்று பிளம்பர் ஆக்ஸா பிளேடை வேறு எடுத்திருந்தார். ஹோஸுக்குள்ளேயே வால்வுக்குப் போகும் மின்கம்பியும் ஓடுகிறது. வெட்டியிருந்தால் அந்த நிமிடமே தண்ணி கேஸ் கரண்ட் கேஸ் ஆகியிருக்கும்.

உள்ளே இருப்பது செம்புக்கம்பிச் சுருள் ஒன்று, ஸ்பிரிங் அழுத்திப் பிடித்த இரும்புத் தண்டு ஒன்று, கீழே ஒரு ரப்பர் சவ்வு. சவ்வின் ஓரத்தில் ஊசித்துளை. அதன் வழியே தண்ணீர் சவ்வுக்கு மேலே ஏறி, தன் அழுத்தத்தாலேயே அதை அமுக்கி வாசலை மூடிக்கொள்கிறது. 230 வோல்ட் பாய்ந்ததும் சுருள் காந்தமாகித் தண்டைத் தூக்கும். நடுத்துளை திறந்து, மேலே தேங்கிய தண்ணீர் நழுவிவிடும். உடனே கீழிருக்கும் தண்ணீர் சவ்வைத் தள்ளிக்கொண்டு உள்ளே பாயும். சுருளின் உத்தியோகம் அமைச்சர் அறை வாசலில் நிற்கும் உதவியாளருடையது. கதவைத் திறக்கும் பலமெல்லாம் அவருக்குக் கிடையாது. லேசாகத் தலையசைத்தால் போதும், கூட்டமே தள்ளித் திறந்துகொள்ளும்.

ஆனால் தள்ளுவதற்குக் கூட்டம் வேண்டுமே. தொட்டி 10 மீட்டர் மேலே இருந்தால் அழுத்தம் ஏறக்குறைய 1 பார். நாங்கள் இருப்பது கடைசி மாடி. தொட்டி தலைக்கு மேலே 3 மீட்டரில், ஆக 0.3 பார். எங்கள் கையேடு கேட்கும் குறைந்தபட்சமும் 0.3. கஷ்டப்பட்டு பார்டர் பாஸ். வழியில் அழுக்கு அடைத்தால், அழுத்தம் அதிகமுள்ள கீழ்வீட்டுக்காரர்கள் தாங்குவார்கள்; நாங்கள் தாங்க முடியாது.

அழுக்குக்குத் தனி இடமே உண்டு. பெட்டி குழாயில் திருகும் முக்கால் இஞ்ச் வாயில் ஒரு சின்ன வலை. பிளக்கைப் பிடுங்கி, குழாயை மூடி, பெட்டியைக் கழற்றினேன். போர் தண்ணீரின் உப்பும் லாரித் தண்ணீரின் மணலும் அங்கே சமத்துவபுரம் கட்டிக் குடியிருந்தன. பழைய டூத்பிரஷால் தேய்த்து மாட்டியதும் தண்ணீர் ஒன்றுமே நடக்காததுபோல் உள்ளே போனது. இருவரும் வந்துபோன கூலியை வாங்கிக்கொண்டார்கள். வலையைத் தேய்த்த எனக்கு, பிரஷ்ஷைப் பூஜை அறைப் பித்தளை தேய்க்க எடுத்துவைத்திருந்ததாகத் தகவல் வந்தது.

உங்கள் வீட்டில் இந்த வழக்கு வந்தால் தீர்ப்புக்குக் காது போதும். மெஷினைப் போட்டதும் வால்விலிருந்து 'ம்ம்ம்' என்று முனகல் கேட்டு, தண்ணீர் மட்டும் வராவிட்டால் தண்ணி கேஸ், வலையைப் பாருங்கள். முனகலே இல்லையென்றால் சுருள் போயிருக்கும், அல்லது அதற்கு மின்சாரமே போகவில்லை, கரண்ட் கேஸ். மெஷினை அணைத்த பிறகும் தண்ணீர் ஏறிக்கொண்டே இருந்தால், சவ்வில் ஏதோ சிக்கியிருக்கிறது. அது யாருடைய கேஸ் என்ற விசாரணையைப் பிறகு வைத்துக்கொள்ளலாம். முதலில் குழாயை மூடுங்கள்.