அழுகுற வீரனும் சிரிக்காத திருடனும்

ஏப்பா பேராண்டி, துப்பாக்கி தூக்குற ஹீரோவை வச்சுக் குறும்படம் எடுக்கப் போறேன்னு திரியுறியாமே. நல்லா எடு சாமி. அதுக்கு முந்தி, பஸ்டர் கீட்டனும் எட்டி க்ளைனும் 1922-ல எடுத்த ‘தி ஃப்ரோஸன் நார்த்’ படத்தை ஒருவாட்டி பாத்துரு. ஊமைப் படம், ரெண்டே ரீலு. நீ மீசையை முறுக்கி முடிக்கங்குள்ள முடிஞ்சுரும்.

அந்தக் காலத்துல அமெரிக்காவுல கௌபாய்னா வில்லியம் எஸ். ஹார்ட்தான். இறுகிப்போன மூஞ்சி, இடுப்புல துப்பாக்கி, நெஞ்சுக்குள்ள தங்கமான மனசு. சமயம் பாத்துக் கண்ணுல ஒரு சொட்டுத் தண்ணி. சனம் உருகிப் போகும்.

கீட்டன் அதே வேசத்தைக் கட்டுனான். தங்கமான மனசை மட்டும் வீட்டுல வச்சுட்டு வந்துட்டான். பனிக்காட்டு நடுவுல ஒரு சுரங்க ரயில் ஸ்டேசன் வாசல். அதுலருந்துதான் ஏறி வர்றான். எப்படின்னு கேக்காத. ஹீரோகிட்ட வந்த வழி கேக்குற வழக்கம் எந்த ஊரு சினிமாவுலயும் கிடையாது.

சூதாடுற இடத்துல கொள்ளையடிக்கணும், துணைக்கு ஆளில்ல. சுவரொட்டியில துப்பாக்கியோட நின்னவனைக் கத்தரிச்சு ஜன்னல்ல நிறுத்திட்டான். அம்புட்டுப் பேரும் கையைத் தூக்கிட்டானுக! அவன் வெறுங்காகிதம்னு தெரிஞ்சதும் இவனைத் தூக்கி வெளிய எறிஞ்சானுக. உன் சேக்காளிகளையும் ஒருவாட்டி தட்டிப் பாத்துக்க.

அப்புறம் வீட்டுக்குள்ள நுழையுறான். ஒருத்தி ஒருத்தனைக் கட்டிப்பிடிச்சு நிக்கிறா. உடனே ஹார்ட் பாணியில கண்ணுல தண்ணி. ரெண்டு பேரையும் சுட்டுப் போட்டுட்டுப் பாத்தா, அவ இவன் பொஞ்சாதியும் இல்ல, அது இவன் வீடும் இல்ல! ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டுங்குறதை இதுக்கு மேல எவன் காட்ட முடியும்?

இம்புட்டுக்கும் கீட்டன் மூஞ்சியில சிரிப்புங்குறதே கிடையாது. சூட்சுமமே அங்கதான் இருக்கு. நீ என்னடான்னா, வசனத்துக்கு முந்தியே பல்லைக் காட்டுற.

படத்துல அம்புட்டு இளகின மனசுக்கார ஹார்ட்டு, இதைப் பாத்துட்டு ரொம்ப நாள் கீட்டன்கூடப் பேசவே இல்லியாம்.

அதனால சொல்றேன். பெரிய ஆளை நையாண்டி பண்ணணும்னா, அவன் நடையுடையை அவனைவிட நல்லாப் படி. எடுக்கையில நீ சிரிக்காத. பாக்கையில அவன் சிரிப்பான்னும் நம்பாத.